பிரமிடுக்குள்ள பை எப்படி வந்துச்சு? வாட்டம் பார்த்த கதை

கேள்வி இதுதான்: எகிப்துல இருக்கிற பெரிய பிரமிடோட சுற்றளவை உயரத்தால வகுத்தா ரெண்டு பை (வட்டத்தோட சுற்றளவை விட்டத்தால வகுத்தா வர்ற 3.14, அந்த பை) வருதாமே, அந்தக் காலத்துல அவ்வளவு கணக்கு தெரிஞ்சிருக்குமா, இல்ல வேற யாரோ வந்து கட்டிக் கொடுத்துட்டுப் போனாங்களா, அப்புறம் மெக்சிகோ வரைக்கும் ஒரே வடிவத்துல ஏன் கட்டினாங்க. மூணு கேள்வியை ஒரே மூச்சுல கேட்டிருக்கீங்க. நான் சிவில் படிச்சு இருபது வருஷமா சைட்ல வெயில்ல நிக்கிற ஆளு, தொல்லியல்காரன் கிடையாது, ஆனா பிரமிடுன்னா எனக்குக் கொஞ்சம் பைத்தியம் உண்டு, அதனால நீளமாத்தான் எழுதப் போறேன், ஒரு டீ போட்டு வச்சுக்கிட்டு படிங்க.

முதல்ல அந்த பை. கணக்கு சரிதான், அதுல பொய் இல்ல. கிசாவுல கூஃபு மன்னருக்குக் கிமு 2560 வாக்குல கட்டி முடிச்ச பெரிய பிரமிடு, அடியில ஒரு பக்கம் 230.3 மீட்டர், முடிச்சப்ப உயரம் 146.6 மீட்டர். நாலு பக்கத்தையும் கூட்டுங்க, 921.2. அதை 146.6-ஆல வகுத்தா 6.284. ரெண்டு பைன்னா 6.283. இவ்வளவு கிட்ட வந்து நிக்குதேன்னு பார்க்கிறவனுக்குப் புல்லரிக்கத்தான் செய்யும், எனக்கும் காலேஜ்ல முதல் தடவை போட்டுப் பார்த்தப்ப அப்படித்தான் இருந்துச்சு.

ஆனா அவங்க மீட்டர்ல கட்டலையே, முழத்துலல்ல கட்டினாங்க. நம்ம ஊரு பூக்காரம்மா முழம் போடுற மாதிரி ஆளுக்கு ஆளு மாறுற முழம் இல்ல, கோல் செஞ்சு வச்சு அளந்த அரச முழம், 52 சென்டிமீட்டருக்குக் கொஞ்சம் மேல வரும். நாலு விரல் சேர்ந்தா ஒரு உள்ளங்கை, ஏழு உள்ளங்கை ஒரு அரச முழம், ஆக 28 விரல். இந்தக் கணக்குல பாருங்க, அடிப்பக்கம் 440 முழம், உயரம் 280 முழம். எவ்வளவு சுத்தமான எண்ணு! மீட்டர்ல இருக்கிறப்ப மர்மமா தெரிஞ்சது முழத்துக்கு மாத்தினதும் ஒரு மேஸ்திரியோட நோட்டு மாதிரி ஆயிடுது.

இப்ப ஒண்ணு செய்யுங்க. எந்தக் கொத்தனார் கிட்டயாவது போய் பாத்ரூம் தரைக்கு எத்தனை டிகிரி சாய்வு வைக்கணும்னு கேளுங்க, உங்களை ஏற இறங்கப் பார்ப்பாரு. "நாலடிக்கு ஒரு இஞ்சு வாட்டம் குடுத்தா தண்ணி ஓடிடும் சார்"னுதான் பதில் வரும். சைட்ல டிகிரின்னு ஒண்ணு கிடையாது, வாட்டம்தான். இவ்வளவு தூரம் போனா இவ்வளவு இறங்கணும், அவ்வளவுதான். எகிப்துக்காரனும் அச்சு அசலா இதையேதான் பண்ணியிருக்கான், அவன் அதுக்கு வச்ச பேரு செக்கெட். ஒரு முழம் மேல ஏறினா எத்தனை உள்ளங்கை உள்ளே தள்ளணும், அதுதான் செக்கெட். கூஃபு பிரமிடுக்கு 5½ உள்ளங்கை. அதாவது 7 ஏறு, 5½ உள்ளே வா. மரத்துல அந்த அளவுக்கு ஒரு முக்கோணச் சட்டம் அடிச்சு ஒவ்வொரு கல்லு முகத்துலயும் வச்சுப் பார்த்தாலே போதும், கீழேருந்து உச்சி வரைக்கும் ஒரே சாய்வு வந்துடும்.

இங்கதான் பை மாட்டுது பாருங்க. சுற்றளவுங்கிறது எட்டு பாதிப்பக்கம். பாதிப்பக்கத்துக்கும் உயரத்துக்கும் உள்ள விகிதம் 5½-க்கு 7. அப்ப சுற்றளவை உயரத்தால வகுத்தா 8 பெருக்கல் 5½, வகுத்தல் 7, அதாவது 44/7. ரெண்டு தடவை 22/7. அந்த ஏழு எங்கேருந்து வந்துச்சு? முழத்துக்கு ஏழு உள்ளங்கைங்கிறதுல இருந்து. அந்த 22? நாலு தடவை 5½. யாரும் வட்டத்தைப் பத்தி யோசிக்கவே இல்ல, கையை அளவுகோலா வச்சதுல தானா வந்து உட்கார்ந்த பை இது.

"அதெப்படி சொல்றீங்க, வேணும்னே 5½ வச்சிருக்கலாமே"ன்னு கேப்பீங்க. நியாயம்தான். பக்கத்துலயே கூஃபு மகன் காஃப்ரேவோட பிரமிடு இருக்கு, அதுக்கு செக்கெட் 5¼. அதே கணக்கைப் போடுங்க, 8 பெருக்கல் 5¼, வகுத்தல் 7, சரியா 6 வருது. அப்பன் பிரமிடுல ஒளிச்சு வச்ச தெய்வ ரகசியம் மகனுக்குத் தெரியாமலா போயிருக்கும்? காஃப்ரேவோடது எனக்கு இன்னும் பிடிக்கும், ஏன்னா 7-க்கு 5¼ன்னா 4-க்கு 3. நம்ம ஆளுங்க மூலைமட்டம் பார்க்க 3-4-5 போடுவாங்களே, கயித்துல மூணடி நாலடி குறிச்சு குறுக்க அஞ்சடி வருதான்னு பார்ப்பாங்களே, அதே முக்கோணம் அந்த பிரமிடை நடுவால வெட்டினா நிக்கும்.

இன்னொரு சாட்சியும் இருக்கு. கிமு 1550 வாக்குல ஆமோஸ்னு ஒரு எழுத்தர் பழைய சுவடி ஒண்ணைப் பார்த்து எழுதி வச்ச கணக்குப் புத்தகம், ரைண்டு பாப்பிரஸ்னு சொல்வாங்க (பாப்பிரஸ்னா நாணல்ல செஞ்ச அந்தக் காலத்துத் தாள்), இப்ப பிரிட்டிஷ் மியூசியத்துல இருக்கு. அதுல 56-வது கணக்கு, அடி 360 முழம், உயரம் 250 முழம், செக்கெட் என்ன? பாதி 180, அதை 250-ஆல வகுத்து 7-ஆல பெருக்கு, 5 உள்ளங்கையும் 25-ல ஒரு பங்கும். நம்ம பத்தாங்கிளாஸ் கணக்கு மாதிரியே இல்ல? அதே புத்தகத்துல வட்டத்துக்குப் பரப்பு கண்டுபிடிக்க விட்டத்துல ஒன்பதுல ஒரு பங்கைக் கழிச்சுட்டு மிச்சத்தை வர்க்கம் பண்ணச் சொல்றாரு. அதுல வர்ற பை 3.16. பிரமிடு கட்டி ஆயிரம் வருஷத்துக்கு அப்புறம் எழுதினது! 22/7-ஐக் கல்லுல செதுக்குற அளவுக்குக் கெட்டிக்காரங்க அதை மறந்துட்டு அதைவிட மட்டமான ஒண்ணை ஏன் பிள்ளைங்களுக்குச் சொல்லித் தரணும்.

தங்க விகிதம்னு சொல்ற 1.618-உம் இதே கதைதான், சாய்வா ஏறுற முகத்தோட நீளத்தைப் பாதிப்பக்கத்தால வகுத்தா 1.6186 வரும், 5½ வச்சா அது கூடவே வர்ற இலவச இணைப்பு. வாட்ஸ்அப்ல ஒண்ணு சுத்துமே, ஒளியோட வேகம் வினாடிக்கு 29,97,92,458 மீட்டர், பிரமிடோட அட்சரேகை 29.9792458ன்னு, அதையும் இங்கேயே முடிச்சுடுறேன். பிரமிடு 230 மீட்டர் அகலம், அட்சரேகைக் கணக்குல அது 0.002 டிகிரி. அதுக்குள்ள நின்னுக்கிட்டு நாலாவது தசமத்துக்கு அப்புறம் உங்களுக்கு எந்த எண்ணு வேணுமோ அதுக்கு ஒரு புள்ளி கிடைக்கும், உங்க போன் நம்பரைக் கூட பொருத்தலாம். இதுல மீட்டர் பிறந்ததே 18-ம் நூற்றாண்டு பிரான்ஸ்ல.

சரி, அப்ப ஏன் அந்த வடிவம்? எனக்கு உண்மையிலேயே சுவாரஸ்யமான இடம் இதுதான்.

போன வருஷம் அக்கா பையனுக்கு ஸ்கூல் ப்ராஜெக்ட். பத்து சென்டிமீட்டர் கன சதுரம் ஒண்ணு, அதே அடி அதே உயரத்துல பிரமிடு ஒண்ணு, அட்டையில செஞ்சு அரிசி கொட்டி மூணு பிரமிடு ஒரு கன சதுரம்னு காட்டணும். பையன் மாமா நானே பண்ணிக்கிறேன்னு உட்கார்ந்து வெட்டி ஒட்டி, ராத்திரி ஒன்பது மணிக்கு வந்து நிக்கிறான், மூணு தடவை கொட்டியும் பெட்டி ரொம்பல, மேல ஒரு விரலுக்கு மேல காலி. புத்தகம் தப்புன்னு சொல்றான். நான் பார்த்தா முக்கோணத்தை அடி 10 உயரம் 10ன்னு வெட்டியிருக்கான். அது அட்டைக்குத்தானே உயரம், நாலு அட்டையும் சாஞ்சு நிக்கிறப்ப உச்சி கீழ இறங்கிடுமே, நிமிர்ந்த உயரம் 8.66 தான் வரும். சாயுயரமும் உயரமும் வேற வேறன்னு அவங்க டீச்சர் பத்து தடவை சொல்லியிருப்பாங்க, அரிசி ஒரு தடவை சொன்னதும் மண்டையில ஏறிடுச்சு. முக்கோணத்தை 11.2-க்கு வெட்டி மறுபடி ஒட்டினோம், மூணாவது கொட்டுல தலை தட்டி நின்னுச்சு.

ஏன் மூணுல ஒண்ணுன்னு கேட்டா ஒரு கன சதுரத்தோட ஒரு மூலையைப் பிடிச்சுக்கோங்க. அந்த மூலையைத் தொடாத முகம் மூணு இருக்கும். ஒவ்வொரு முகத்துலேருந்தும் அந்த மூலைக்குக் கூம்பிப் போற மாதிரி வெட்டினா ஒரே அளவுல மூணு சாஞ்ச பிரமிடு, மிச்சம் மீதி இல்லாம கன சதுரம் காலி. சோப்புக் கட்டியில வெட்டிப் பாருங்க. கேக்க ஈஸியா இருக்கே தவிர பெரிய பெரிய ஆளுங்களையே சறுக்க வச்ச விஷயம் இது. ஆரியபட்டர் கிபி 499-ல எழுதின சுலோகத்துக்குப் பொதுவா சொல்ற பொருளே அடிப்பரப்புல பாதியை உயரத்தால பெருக்குங்கிறதுதான், முக்கோணத்துக்குப் பாதின்னா இதுக்கும் பாதின்னு வச்சிருப்பாரு போல, 628-ல பிரம்மகுப்தர்தான் மூணுல ஒண்ணுன்னு சரியா சொன்னாரு. கிரேக்கத்துல டெமாக்ரிடஸ் சொன்னதை யூடாக்சஸ் நிரூபிச்சாருன்னு ஆர்க்கிமிடீஸ் எழுதி வச்சிருக்காரு. எகிப்துலயோ கிமு 1850 வாக்குல எழுதின மாஸ்கோ பாப்பிரஸ்ல உச்சி வெட்டின பிரமிடுக்கே, நம்ம பாடப்புத்தகத்துல இடைக்கண்டம்னு வருமே அதுக்கு, கன அளவு சரியா போட்டிருக்காங்க: கீழ 4, மேல 2, உயரம் 6, விடை 56. பாதி கட்டின பிரமிடுங்கிறது இடைக்கண்டம்தானே, இதுவரைக்கும் எவ்வளவு கல்லு போயிருக்குன்னு கேக்கிற மேலதிகாரி அந்தக் காலத்துலயும் இருந்திருப்பான்.

இப்ப அந்த மூணுல ஒண்ணை சைட்டுக்குக் கொண்டு போங்க. பெரிய பிரமிடோட கன அளவு கிட்டத்தட்ட 26 லட்சம் கன மீட்டர். உயரத்துல மூணுல ஒரு பங்கு, அதாவது 49 மீட்டர் வரைக்கும் கட்டிட்டா மேல மிச்சம் இருக்கிறது ஒரு குட்டி பிரமிடு, எல்லாப் பக்கமும் மூணுல ரெண்டு, கன அளவு 27-ல 8 பங்கு. அப்ப 70 சதவீதக் கல்லு அந்த 49 மீட்டருக்குள்ளயே முடிஞ்சுது! பாதி உயரம் வந்தா 87.5 சதவீதம் முடிஞ்சுது. அவ்வளவு உயரத்துக்கு இத்தனை கல்லை எப்படி தூக்கினான்னு வாயைப் பிளக்குறோம்ல, பெரும்பாலான கல்லு அவ்வளவு உயரமே போகல. அதுலயும் நடுவுல ஒரு பாறை மேட்டை அப்படியே விட்டுட்டு அதைச் சுத்தித்தான் கட்டியிருக்காங்க. கீழ் வரிசைக் கல்லு ஒன்றரை மீட்டர் உயரம், மேல போகப் போக சின்னதாகுது. நேரா ஒரு சாய்தளம் போட்டு உச்சி வரைக்கும் இழுத்தாங்கன்னு படம் போடுறாங்களே, பத்துக்கு ஒண்ணு வாட்டத்துல போட்டாலும் அது ஒன்றரை கிலோமீட்டர் நீளம் வேணும், அதுவே இன்னொரு பிரமிடு கட்டுற வேலை. ஹட்நுப்னு ஒரு கல்குவாரியில கூஃபு காலத்துச் சாய்தளம் ஒண்ணை 2018-ல கண்டுபிடிச்சாங்க, நல்ல செங்குத்து, ரெண்டு ஓரமும் படிக்கட்டு, கம்பு நட்ட குழி. கம்புல கயித்தைச் சுத்தி இழுத்திருக்கணும், ரொம்ப செங்குத்தான ஏத்தத்துலயும் இழுக்க முடியும்னா சாய்தளம் அவ்வளவு நீளம் தேவைப்படாது.

நெல் அடிச்ச களத்துல அம்பாரம் குவிச்சா தானா கூம்பா நிக்கும், உச்சியில கொட்டினது சரிஞ்சு கீழ வந்து அடியை அகலமாக்கிக்கும். உயரமா ஒண்ணு வேணும், இரும்பு கிடையாது, கிரேன் கிடையாதுன்னா எந்த ஊரு மனுஷனும் கடைசியில போய் நிக்கிற வடிவம் இதுதான். ஆனா அம்பாரம் 30 சொச்சம் டிகிரிக்கு மேல நிக்காது, கூஃபு பிரமிடு கிட்டத்தட்ட 52 டிகிரி. அந்த வித்தியாசத்தை அடி வாங்கித்தான் கத்துக்கிட்டாங்க. முதல்ல சக்காராவுல ஜோசர் மன்னருக்கு இம்ஹோடெப் கட்டினது ஆறு படி வச்ச பிரமிடு, 62 மீட்டர், கிமு 2650 வாக்குல. அப்புறம் கூஃபுவோட அப்பா ஸ்னெஃப்ரு வந்தாரு, மனுஷன் ஒருத்தரே மூணு பெரிய பிரமிடு. மெய்டும்ல கட்டினதோட வெளிச்சுவர் சரிஞ்சு இப்ப மொட்டை கோபுரம் மாதிரி நிக்குது. தஹ்ஷூர்ல அடுத்ததை 54 டிகிரிக்கு ஆரம்பிச்சாங்க, அடியில மண்ணு சரியில்ல, உள்ளே விரிசல், அறைக்குள்ள தேவதாரு மரத்துல முட்டு குடுத்தது இன்னிக்கும் இருக்கு. பாதியில பயந்து போய் சாய்வை 43-க்கு மாத்தி முடிச்சாங்க, அதுதான் வளைஞ்ச பிரமிடு. சைட்ல வேலை பார்த்தவனுக்கு அந்தப் போட்டோவைப் பார்த்தா வயித்துல ஒரு பிசைவு வரும், ராஜா முன்னாடி போய் நின்னு டிசைன் மாத்தணும்னு எவன் சொல்லியிருப்பானோ. மூணாவது சிவப்பு பிரமிடு, ஆரம்பத்துலேருந்தே 43. அதுக்கப்புறம்தான் மகன் 52-க்குப் போறாரு. வேற கிரகத்துக்காரன் வந்து கட்டியிருந்தா முதல் மூணுல இப்படியா சொதப்புவான்?

யாரு கட்டினதுங்கிறதுக்கு இப்ப எழுத்திலேயே ஆதாரம் இருக்கு. 2013-ல செங்கடல் ஓரத்துல வாடி அல் ஜர்ஃப்ங்கிற பழைய துறைமுகத்துல பியர் டாலெட்ங்கிற பிரெஞ்சு ஆய்வாளரோட குழுவுக்கு ஒரு கட்டு பாப்பிரஸ் கிடைச்சுது. மெரேர்னு ஒரு மேற்பார்வையாளர், கீழ 40 பேர் வாக்குல, கூஃபு ஆட்சியோட கடைசி வருஷங்கள்ல துரா குவாரியிலேருந்து வெள்ளைச் சுண்ணாம்புக்கல்லைப் படகுல ஏத்தி கிசாவுக்குக் கொண்டு வந்த கணக்கு, இன்னிக்கு ஏத்தினோம், ராத்திரி இங்க தங்கினோம், நாளைக்கு இறக்குறோம்னு. படிச்சா நம்ம லாரி டிரைவரோட ட்ரிப் ஷீட்டுதான். மேல அதிகாரியா கூஃபுவோட தம்பி முறை அங்காஃப் பேரும் வருது. அதுபோக பிரமிடுக்குத் தெற்கே வேலையாளுங்க ஊரே இருக்கு, ரொட்டி சுட்ட அடுப்பு, மலை மலையா மாட்டெலும்பு ஆட்டெலும்பு. 1990-ல அவங்களோட கல்லறைங்களும் கிடைச்சுது, ராஜா பிரமிடு பக்கத்துலயே மரியாதையா புதைச்சிருக்காங்க. சாட்டையடி வாங்கின அடிமைங்க கதை சினிமாவுக்குச் சரி. ராஜா அறைக்கு மேல யாரும் பார்க்காத பொந்துங்கள்ல கல்லுல "கூஃபுவின் நண்பர்கள்"ங்கிற மாதிரி கோஷ்டிப் பேரு சிவப்பு மையில கிறுக்கியிருக்கு, கூஃபுவோட பேரன் மென்காவுரே பிரமிடுல ஒரு கோஷ்டி "மென்காவுரேவின் குடிகாரர்கள்". சென்ட்ரிங் பலகையில பேரு கிறுக்குற பசங்களைப் பார்த்தவங்களுக்கு இதுக்கு மேல சாட்சி வேணாம்.

வேகமும் நம்ப முடியாதது இல்ல. 23 லட்சம் கல்லுன்னு ஒரு மதிப்பீடு, சராசரி ரெண்டரை டன், 20 வருஷம்னா ஒரு நாளைக்கு 315 கல்லு. பத்து மணி நேர வேலைன்னா ரெண்டு நிமிஷத்துக்கு ஒண்ணு. கஷ்டம்தான், ஆனா நாலு பக்கமும் ஆள் நின்னா நடக்கிற காரியம். பாலைவன மணல்ல பாரம் ஏத்தின சறுக்குப் பலகையை எப்படி இழுத்தாங்கன்னா, ஜெஹுதிஹோடெப்னு ஒருத்தரோட கல்லறை ஓவியத்துல பலகைக்கு முன்னாடி ஒருத்தன் தண்ணி ஊத்துறான், ஏதோ சடங்குன்னு ரொம்ப நாள் நினைச்சாங்க, 2014-ல ஆம்ஸ்டர்டாம் பல்கலைக்கழகத்துல சோதிச்சுப் பார்த்தா அளவா நனைச்ச மணல்ல இழுவை பாதியா குறையுது. பீச்சுல ஈர மணல்ல சைக்கிள் ஓட்டினவங்களுக்குப் புரியும்.

மெக்சிகோ விஷயம் சுருக்கமா. சிச்சென் இட்சாவுல இருக்கிறது கணக்குப்படி பிரமிடே இல்ல, படிப்படியா வந்து உச்சியில தட்டையா நிக்கிற இடைக்கண்டம், மேல கோயில், பக்கத்துக்கு 91 படி, நாலு பக்கமும் சேர்த்து உச்சி மேடையோட 365. எகிப்துல பிரமிடு கல்லறை, ஏறுறதுக்கு இல்ல, வழவழன்னு வெள்ளைக்கல்லு போட்டு மூடினது. 1303-ல வந்த பூகம்பத்துல அந்த மேல்கல்லு ஆட்டம் கண்டு, கெய்ரோவுல கட்டடம் கட்ட எடுத்துட்டுப் போயிட்டாங்க. மெக்சிகோவுல பிரமிடுங்கிறது ஏறிப்போய் பூஜை பண்ற மேடை. சோலுலாவுல கன அளவுல கூஃபுவை விடப் பெருசா ஒண்ணு இருக்கு, மேல புல்லு முளைச்சு மலை மாதிரி ஆகி உச்சியில ஒரு சர்ச்சே நிக்குது. ரெண்டுக்கும் நடுவுல ஒரு கடலும் ரெண்டாயிரத்துச் சொச்சம் வருஷமும்.

கடைசியா நீங்க கேக்காத ஒண்ணு, ஏன் நிறுத்தினாங்க. பிரமிடுன்னா பத்து கிலோமீட்டர் தள்ளியிருந்தே திருடனுக்கு அட்ரஸ் காட்டுற மாதிரி, எல்லாத்தையும் கொள்ளையடிச்சுட்டான். கிமு 1500 வாக்குல ராஜாக்கள் லக்சர் பக்கத்துப் பள்ளத்தாக்குல பாறையைக் குடைஞ்சு ரகசியமா புதைய ஆரம்பிச்சாங்க. அந்தப் பள்ளத்தாக்குக்கு மேல அல் குர்ன்னு ஒரு மலை, பார்த்தா பிரமிடு மாதிரியே இருக்கும். பாறையைக் குடைஞ்ச கொத்தனாருங்களும் ஓவியருங்களும் குடியிருந்த ஊரு டேர் எல் மெடினா, அங்க போனா அவங்க தங்களோட கல்லறைக்கு மேல செங்கல்லுல ஆளுக்கொரு குட்டி பிரமிடு கட்டி வச்சிருக்காங்க.